வெளிவராத கணிப்புகள்

பிரிட்டனில் பொதுஜன அபிப்பிராயத்தைக் கணித்துக் கொடுக்கும் கம்பெனிகள் 2004-ஆம் வருஷத்தில் ஒன்றுகூடி, பிரிட்டிஷ் போலிங் கவுன்சில் என்னும் சங்கத்தை ஸ்தாபித்துக்கொண்டன. வோட்டர்களின் மனத்தை நிறுத்துச் சொல்லுகிறவர்கள் தம் தராசைப் பிறர் பார்வைக்கு வைக்கவேண்டும் என்பதே இச்சங்கத்தின் பிரதான கொள்கை. ஒரு கணிப்பு வெளியான இரண்டு வேலை நாட்களுக்குள், பணம் கொடுத்தவர் யார், எத்தனை பேரை எந்தத் தேதிகளில் விசாரித்தார்கள், கேட்ட கேள்வியின் வாசகம் யாது, கிடைத்த எண்களை எவ்விதம் சரிப்படுத்தினார்கள் என்பவற்றை மெம்பர்கள் பகிரங்கப்படுத்தியாக வேண்டும். முறை நல்லதா, கெட்டதா என்று சங்கம் தீர்ப்புச் சொல்வதில்லை. ஆயினும் வியாபாரிகள் தம் கையைத் தாமே கட்டிக்கொள்வது அபூர்வமாகையால், இதை நாம் பாராட்டுகிறோம்.

ஆனால் 2015 மே மாதப் பொதுத் தேர்தலில் நேர்ந்தது என்ன? கன்சர்வேடிவ் கட்சியும் தொழிற்கட்சியும் ஏறக்குறையச் சமமாக நிற்பதாகக் கணிப்புகள் ஒரே குரலில் கூறின. வோட்டுகளை எண்ணியபோது கன்சர்வேடிவ்கள் ஆறு சதவீதத்துக்கு மேல் முந்தி, 331 ஸ்தானங்களுடன் தனி மெஜாரிட்டி பெற்றிருந்தனர். இதைக் கணக்குப் பிசகு என்று தள்ளிவிடுவதற்கில்லை. எவருக்கும் மெஜாரிட்டி வராது என்ற நம்பிக்கை பரவியதால், ஸ்காட்லாந்து தேசியக் கட்சி தொழிற்கட்சியை ஆட்டிவைக்குமோ என்பதே பிரசாரத்தில் பெரும் பேச்சாயிற்று. தொழிற்கட்சித் தலைவர் மிலிபாண்டு, ஸ்காட்லாந்து தேசியக் கட்சியின் முன்னாள் தலைவர் சால்மண்டின் சட்டைப்பைக்குள் அடங்கியிருப்பதாகச் சித்திரம் தீட்டி ஒட்டினார்கள். வரவே வராத ஒரு நிலைமையைப் பற்றி ஒரு தேசம் முழுவதும் விவாதித்தது!

சங்கம் வாளாவிருக்கவில்லை. மார்க்கெட் ஆராய்ச்சிச் சங்கத்துடன் சேர்ந்து, பேராசிரியர் பாட்ரிக் ஸ்டர்ஜிஸ் தலைமையில் சுயேச்சையான விசாரணைக் குழுவை நியமித்தது. விசாரிக்கப்பட்டவர்களில் தொழிற்கட்சி ஆதரவாளர்கள் அளவுக்கு மிஞ்சியிருந்ததே முதற்காரணம் என்று 2016 மார்ச்சில் குழு அறிவித்தது.

நம்மை உறுத்துவது வேறொன்று. தேர்தலுக்கு முந்திய தினம் சர்வேஷன் என்ற கம்பெனி எடுத்த கணிப்பில் கன்சர்வேடிவுக்கு 37, தொழிற்கட்சிக்கு 31 என்று கிடைத்தது. முடிவும் அநேகமாக அதுவே. மற்றவர்களின் கணிப்புகளோடு ஒவ்வாததால் அதை வெளியிடாமல் வைத்துக்கொண்டதாக அக்கம்பெனியே பின்னர் ஒப்புக்கொண்டது. வெளியிட்டதற்கு விளக்கம் கேட்கும் விதி, மறைத்ததைப் பற்றி என்ன செய்யக்கூடும்? ஆகவேதான், விசாரணையைத் தொடங்கு முன்பே ஒவ்வொரு கணிப்பையும் சங்கத்தில் பதிவு செய்யவேண்டும் என்று குழு கூறிய யோசனையை நாம் மற்றெல்லாவற்றினும் மேலாக மதிக்கிறோம். பதிவான கணிப்பு வராவிட்டால், ஏன் வரவில்லையென்று கேட்க ஜனங்களுக்கு வழியுண்டு.

நம் தேசத்திலும் 2024 ஜூன் 1-ந் தேதி மாலை, ஆளும் கூட்டணிக்கு 350-க்கு மேற்பட்ட ஸ்தானங்கள் என்று பல கணிப்புகள் முழங்கின, கிடைத்தவை 293. பிரஜைகள் பிரதிநிதித்துவச் சட்டத்தின் 126-ஏ பிரிவு இத்தகைய கணிப்புகளை எவ்வேளையில் வெளியிடலாகாது என்பதைத்தான் சொல்கிறது. கணித்த விதத்தைக் காட்டும்படி அது கேட்பதில்லை. இங்குள்ள கம்பெனிகள் தம் கணிப்புகளை முன்கூட்டிப் பதிவு செய்ய முன்வரட்டும். வர மறுப்பவர்களின் எண்களைப் பத்திரிகைகள் அச்சிடாமல் விடலாம். நாம் அதற்குச் சித்தமாயிருக்கிறோம்.