தங்கம் வாங்கின கேப்டன், திட்டு வாங்கின கோச்

கோவில்பட்டின்னதும் வெளியூர்க்காரங்களுக்குக் கடலைமிட்டாய்தான் ஞாபகம் வரும். 2020-ல் புவிசார் குறியீடு வேற கிடைச்சிட்டுது, கேக்கணுமா. கொஞ்சம் விவரமானவங்க தீப்பெட்டி ஆபீஸ், கி.ரா.ன்னு சொல்லுவாங்க. எங்களுக்கு இன்னொன்னும் உண்டு, ஹாக்கி. மட்டையைச் சைக்கிள்ல சொருகிட்டுப் போற பையனை யாரும் ஆச்சரியமாத் திரும்பிப் பார்க்காத ஊரு இது.

அப்படிப்பட்ட ஊர்ல இருந்துகிட்டு ஒரு மெட்ராஸ்காரரைப் பத்தி எழுதப்போறேன். வாசுதேவன் பாஸ்கரன். லயோலா காலேஜ்ல படிச்சவர். 1980 மாஸ்கோ ஒலிம்பிக்ஸ்ல தங்கம் வாங்கின இந்திய ஹாக்கி டீமுக்கு கேப்டன். இந்திய ஹாக்கிக்கு அது எட்டாவது ஒலிம்பிக் தங்கம். அதுக்குப் பிறகு இன்னைய வரைக்கும் ஒன்பதாவது வரலை. டோக்கியோவிலும் பாரிஸிலும் வந்தது வெண்கலம்.

"பாகிஸ்தான், ஆஸ்திரேலியா, ஜெர்மனியெல்லாம் வராத போட்டிதானே"ன்னு ஒரு கூட்டம் எப்பவும் சொல்லும். வரலைதான். அதுக்காக ஃபைனல்ல ஸ்பெயின்காரன் சும்மா நின்னானா? 4-3ல மூச்சுமுட்ட ஜெயிச்ச ஆட்டம் அது. அந்த ஒலிம்பிக்ஸ்லயே லீக் ஆட்டத்துல போலந்தோட 2-2 டிரா. இந்த போலந்தை மட்டும் கொஞ்சம் ஞாபகம் வச்சுக்கோங்க.

இருபது வருஷம் கழிச்சு, 2000-ல சிட்னி. இப்ப பாஸ்கரன் கோச். ஜெயிச்சா அரையிறுதிங்கிற நிலைமை, எதிர்ல அதே போலந்து. இந்தியா 1-0 முன்னிலை. ஆட்டம் முடிய ரெண்டு நிமிஷம்கூட இல்லாதப்ப போலந்து ஒரு கோல் போட்டுட்டான். 1-1. போச்சு. கடைசியில ஏழாவது இடம்.

கேப்டனா இருந்தப்ப அதே போலந்தோட டிரா ஆனதை இன்னைக்கு யாரும் பேசுறதில்லை. கோச்சா இருந்தப்ப ஆன டிரா மட்டும் ஆள் போற இடமெல்லாம் கூடவே வருது. கோல் விட்ட நேரத்துல அவர் கையில மட்டை கூட கிடையாது, கோட்டுக்கு வெளியில நின்னவர். 2006-ல ஜெர்மனியில நடந்த உலகக்கோப்பைக்கும் அவர்தான் கோச். பன்னெண்டு டீம்ல பதினோராவது இடம். அதுக்கு வக்காலத்து வாங்க முடியாது, நானும் வாங்கலை. ஆனா அந்தக் காலத்து ஹாக்கி நிர்வாகம் கோச்சுகளை நடத்தின விதத்தையும் சேர்த்துத்தான் பார்க்கணும்.

1998 பாங்காக் ஆசிய விளையாட்டையே எடுத்துக்குங்க. 32 வருஷத்துக்கு அப்புறம் இந்தியாவுக்கு ஹாக்கியில தங்கம். கோச் எம்.கே. கௌசிக், மாஸ்கோ ஃபைனல்ல பாஸ்கரனோட ஆடி கோல் போட்டவர். தங்கத்தோட வந்த மனுஷனை மாலை வாடுறதுக்குள்ள தூக்கிட்டாங்க. தோத்தா தூக்குறது ஒரு நியாயம்னே வைப்போம். ஜெயிச்சாலும் தூக்குவோம்னா அந்த நாற்காலியில உக்கார்ற ஆளு எதை நம்பி நாலு வருஷத் திட்டம் போடுவான்? அடுத்த மேட்சை எப்படியாவது ஓட்டுவோம்னுதான் பார்ப்பான்.

இதெல்லாம் பழைய கதை, எங்க ஊருக்கு என்னன்னு கேப்பீங்க. சொல்றேன். எங்க மண்ணு கரிசல். மழை பெஞ்சா காலை விடாது, கோடையில பாளம் பாளமா வெடிக்கும். அதுல பந்து உருளணும்னா வேற மண்ணு அடிச்சு, தண்ணி தெளிச்சு, ரோலர் விட்டாத்தான் உண்டு. அந்த மாதிரி மண் தரையில பல வருஷம் பையன்களை ஓடவிட்டு ஆளாக்கினவங்க பெரும்பாலும் பழைய ஆட்டக்காரங்களும் பள்ளிக்கூடத்து பி.டி. வாத்தியார்களும்தான். இப்ப செயற்கைப் புல்தரை, அரசு விளையாட்டு விடுதி எல்லாம் இருக்கு. கோவில்பட்டிப் பையன் மாரீஸ்வரனும், அரியலூர்ல இருந்து வந்து இங்க விடுதியில தங்கிப் பழகின கார்த்தியும் 2022-ல ஆசியக் கோப்பை ஆடப் போனாங்க. கார்த்தி முதல் மேட்ச்லயே பாகிஸ்தானுக்கு எதிரா கோல். டீமுக்கு வெண்கலம். கோச் சர்தார் சிங், அவரும் முன்னாள் கேப்டன்.

ஊரெல்லாம் ஃபிளக்ஸ் வச்சாங்க, வைக்கவேண்டியதுதான். ஆனா அந்தப் பையன் கையில முதல்முதலா மட்டையைக் குடுத்து 'குனிஞ்சு நில்லுடா'ன்னு சொன்ன ஆளுக்கு எத்தனை ஃபிளக்ஸ் பார்த்தீங்க?

நல்லா ஆடினவன் எல்லாம் நல்லா சொல்லிக்குடுப்பான்னு நான் சொல்லலை. அது தனி வித்தை, அதைப் படிக்க அவனுக்கும் டைம் வேணும். ஸ்ரீஜேஷ் 2024 பாரிஸோட கோல்கீப்பர் பேடைக் கழட்டி வச்சதும் ஜூனியர் டீமைக் கையில குடுத்தாங்க. அந்த டிசம்பர்லயே மஸ்கட்ல ஜூனியர் ஆசியக் கோப்பை. அடுத்த வருஷம் சென்னையிலயும் மதுரையிலயும் ஜூனியர் உலகக்கோப்பை நடந்துச்சு. அரையிறுதியில ஜெர்மனிகிட்ட 5-1 உதை. வெண்கலத்துக்கான ஆட்டத்துல அர்ஜென்டினாகிட்ட 0-2 பின்தங்கி, கடைசி கால்பகுதியில நாலு கோல் போட்டு 4-2ன்னு ஜெயிச்சாங்க. அந்த நாலும் விழாம இருந்திருந்தா ஸ்ரீஜேஷை என்ன பாடு படுத்தியிருப்போம்னு நெனச்சுப் பார்க்கிறேன். பாஸ்கரனுக்கு சிட்னியில தேவைப்பட்டது அந்த ரெண்டு நிமிஷம்தான்.

பி.கு: கேப்டன், கோச் ரெண்டு பாஸ்கரனையும் பார்த்த பெரியவங்க இங்க யாராவது இருந்தா பின்னூட்டத்துல எழுதுங்க. போலந்து மேட்சை மட்டும் விட்டுருங்க, வயிறு எரியுது :-(