வழக்கு நிலத்திற்கு, தாகம் மனிதனுக்கு

திருகோணமலைத் துறைமுகத்தைச் சூழ்ந்த பரந்த நிலம் துறைமுக அதிகார சபைக்கே உரியது என்பது அரசின் வாதம். தலைமுறையாக இங்கே வாழ்கின்றோம் என்பது மக்களின் மறுமொழி. 2025இல் முத்துநகர் உழவர்கள் வீதிக்கு வந்ததும் இப்பிணக்காலேயே. வழக்கு எவர் பக்கம் தீரினும் தீருக. அதுவரை குடிமக்களின் குழாயும் விளக்கும் எவர் கையில்?

1979ஆம் ஆண்டின் 7ஆம் இலக்க அரச காணிச் சட்டத்தின்படி, அரசுகூட முதலில் அறிவித்தல் கொடுத்து, நீதவானின் கட்டளை பெற்றே ஒருவரை வெளியேற்றலாம். தனியார் பிணக்கில் அமைதி குலையும் நிலை தோன்றினால், அதே ஆண்டின் 44ஆம் இலக்கச் சட்டத்தின் 68ஆம் பிரிவு, உறுதி எவர் பெயரில் என வினவாது. ஆட்சியில் இருப்பவர் யாரென்றே நோக்கும். அங்ஙனமாயின், கட்டளையின்றி நீரையும் மின்சாரத்தையும் நிறுத்துதல், கதவை உடைக்காமலே குடியெழுப்புதல் அன்றோ?

வீட்டுக்காரர் இசைவு தரவில்லை என்பதற்காக வாடகைக்கு இருப்பவருக்கு மின்சாரம் மறுத்தலாகாது என 2022இல் இந்திய உச்ச நீதிமன்றம் தீர்த்தது. கட்டணம் செலுத்தாதவருக்கு நிறுத்துக, அது வேறு. இணைப்பினால் நில உரித்து உண்டாகாது என்றொரு வரியை விண்ணப்பத்திலேயே எழுதிக் கொள்க. அதிகாரிகளின் அச்சம் அத்தோடு தீரும்.

மக்களே! கட்டணச் சிட்டைகளைப் பேணுங்கள். அவை உங்கள் ஆட்சிக்குச் சான்று. தனியார் எவரேனும் பலவந்தமாக வெளியேற்றினால், இரண்டு மாதம் கடக்குமுன் மன்றை நாடுங்கள். வாய்மொழி மிரட்டலுக்கு அஞ்சி வாசற்படி இறங்காதீர்!