மறுவிசாரணை: யாருடைய பிழைக்கு யார் சிறையில் இருப்பது?

மேல்முறையீட்டு நீதிமன்றங்கள் பிறப்பிக்கும் மறுவிசாரணை உத்தரவுகள் குறித்த நிலைப்பாட்டு அறிக்கை

விசாரணை நடைமுறை பழுதுபட்டது என்று கண்டு, கீழமை நீதிமன்றத்தின் தீர்ப்பை ரத்து செய்து, வழக்கை முதலிலிருந்து நடத்தும்படி மேல்முறையீட்டு நீதிமன்றங்கள் திருப்பி அனுப்புவதுண்டு. குற்ற வழக்குகளில் சட்ட உதவி செய்துவரும் வழக்கறிஞர்களும் மனித உரிமைச் செயல்பாட்டாளர்களும் சேர்ந்த எங்கள் அமைப்பு இது பற்றிய தன் நிலைப்பாட்டை இங்கே முன்வைக்கிறது.

நியாயமான விசாரணை நடக்கவே இல்லை என்னும்போது மறுவிசாரணை வேண்டும். நிரூபிக்கத் தவறிய அரசுத் தரப்புக்கு அது இன்னொரு வாய்ப்பாகிவிடக் கூடாது. எந்த நிலையிலும், நீதிமன்றமும் அரசும் செய்த பிழைக்காகக் குற்றம் சாட்டப்பட்டவர் சிறையில் காத்துக்கிடக்கக் கூடாது.

சட்டத்தின் நிலை

பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 386ஆவது பிரிவு மேல்முறையீட்டு நீதிமன்றத்துக்கு இந்த அதிகாரத்தைத் தந்தது. அதற்குப் பதிலாக 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் அது 427ஆவது பிரிவு. நடைமுறையில் ஒரு பிழை இருப்பது மட்டும் தீர்ப்பைக் கவிழ்க்கப் போதாது. அதனால் நீதி பிறழ்ந்திருக்க வேண்டும். முதல் தீர்ப்பே ரத்தாகிவிடுவதால், ஒரே குற்றத்துக்கு இருமுறை தண்டிக்கக் கூடாது என்ற அரசமைப்புத் தடை இங்கே குறுக்கே நிற்பதில்லை.

இந்த அதிகாரத்தின் எல்லையையும் உச்ச நீதிமன்றம் 1963இலேயே, உகா கோல்ஹே வழக்கில் வகுத்துவிட்டது. அதிகாரம் இல்லாத நீதிமன்றம் விசாரித்திருந்தால், அல்லது கடுமையான சட்டமீறல்களால் உண்மையான விசாரணையே நடக்கவில்லை என்றால், அல்லது தன் கைமீறிய காரணத்தால் ஒரு தரப்பு சாட்சியம் அளிக்க முடியாமல் போயிருந்தால் மறுவிசாரணைக்கு இடமுண்டு. கொண்டுவந்திருக்கக்கூடிய சாட்சியத்தைக் கொண்டுவராமல் விட்ட அரசுத் தரப்புக்கு இந்தச் சலுகை கிடையாது.

வழக்குகள் காட்டுவது

2002 மார்ச் 1 அன்று குஜராத்தின் வதோதராவில் பெஸ்ட் பேக்கரியில் 14 பேர் கொல்லப்பட்டனர். குற்றம் சாட்டப்பட்ட 21 பேரும் 2003இல் விடுதலையாயினர். சாட்சிகள் மிரட்டப்பட்டதையும் அரசு வழக்கறிஞர் தன் கடமையைச் செய்யாததையும் கண்ட உச்ச நீதிமன்றம், 2004இல் வழக்கை மகாராஷ்டிரத்துக்கு மாற்றி மறுவிசாரணைக்கு உத்தரவிட்டது. மும்பை நீதிமன்றம் 2006இல் ஒன்பது பேரைத் தண்டித்தது. 2012இல் மேல்முறையீட்டில் அவர்களுள் நால்வரின் தண்டனை உறுதியானது. பாதிக்கப்பட்டவர்களுக்கும் நியாயமான விசாரணை உரிமை என்பதை நாட்டுக்கு உணர்த்திய வழக்கு அது.

1997ஆம் ஆண்டு டெல்லி பேருந்துக் குண்டுவெடிப்பு வழக்கு மறுபக்கத்தைக் காட்டுகிறது. பாகிஸ்தானியர் ஒருவருக்கு 2004இல் மரண தண்டனை விதிக்கப்பட்டது. அரசுத் தரப்புச் சாட்சிகளில் மிகப் பெரும்பாலோர் அவருக்கு வழக்கறிஞரே இல்லாத நிலையில் விசாரிக்கப்பட்டிருந்தனர். குறுக்கு விசாரணை இல்லாத சாட்சியத்தின் மேல் தூக்குத் தண்டனை நின்றது. உச்ச நீதிமன்றம் 2012இல் மறுவிசாரணைக்கு உத்தரவிட்டது. 2013 தொடக்கத்தில் அவர் விடுதலையானார்.

மத்தியப் பிரதேசத்தின் கண்ட்வாவில் ஒரு சிறுமியின் கொலை வழக்கில், குற்றம் சாட்டப்பட்டவருக்கு வழக்கறிஞர் நியமிக்கப்பட்ட அன்றே குற்றச்சாட்டு வனையப்பட்டது. இரு வாரங்களுக்குள் விசாரணை முடிந்து 2013 மார்ச்சில் மரண தண்டனையும் வந்தது. வழக்குக் கட்டைப் படிக்கவே வழக்கறிஞருக்கு அவகாசம் இல்லை என்று கண்டு உச்ச நீதிமன்றம் 2019இல் அதை ரத்து செய்தது. மறுவிசாரணையில் மீண்டும் மரண தண்டனை. உயர் நீதிமன்றம் மீண்டும் திருப்பி அனுப்பியது. கடைசியில் 2024இல் குற்றம் சாட்டப்பட்டவர் விடுதலையானார். இரண்டு வார அவசரம் ஒரு மனிதரின் 11 ஆண்டுகளைத் தின்றது. கொலையுண்ட குழந்தையின் குடும்பத்துக்கும் விடை கிடைக்கவில்லை.

எல்லாப் பிழைக்கும் மறுவிசாரணை மருந்தாகாது. நீதிமன்ற வட்டாரத்தில், பழைய சட்டத்தின் பிரிவு எண்ணால், ‘313 கேள்வி’ எனப்படும் நடைமுறையில், தனக்கு எதிரான சாட்சியத்துக்குக் குற்றம் சாட்டப்பட்டவர் விளக்கம் தர வாய்ப்பளிக்கப்படுகிறது. டெல்லி வழக்கு ஒன்றில் முக்கியமான சாட்சியம் பற்றிக் குற்றம் சாட்டப்பட்டவரிடம் கேட்கவே இல்லை. சம்பவம் நடந்து 27 ஆண்டுகளுக்குப் பின் வழக்கைத் திருப்பி அனுப்புவது அநீதி என்று கருதி, உச்ச நீதிமன்றம் 2023இல் அவரை விடுதலையே செய்தது. அது சரியான வழி என்று கருதுகிறோம்.

எங்கள் கோரிக்கைகள்

1. மறுவிசாரணைக்கு உத்தரவிடும் நீதிமன்றம், எந்தப் பிழை எப்படி நீதியைப் பிறழச் செய்தது என்பதையும், பிழை நேர்ந்த கட்டத்திலிருந்து மட்டும் தொடர்ந்தால் ஏன் போதாது என்பதையும் எழுத்தில் சொல்ல வேண்டும். குறுக்கு விசாரணை மட்டுமே விடுபட்டிருந்தால் அந்தச் சாட்சிகளை மட்டும் திரும்ப அழைக்கலாம். எல்லோரையும் மீண்டும் கூண்டில் ஏற்றுவது பாதிக்கப்பட்டவர்களுக்கும் வதை.

2. தண்டனைத் தீர்ப்பு ரத்தானதும் குற்றம் சாட்டப்பட்டவர் மீண்டும் நிரபராதியாகவே கருதப்பட வேண்டியவர். எனவே பிணை வழங்குவது விதியாகவும், மறுப்பது காரணம் சொல்ல வேண்டிய விலக்காகவும் இருக்க வேண்டும்.

3. மறுவிசாரணைக்குக் கால வரம்பு வேண்டும். ஆனால் தற்காப்புக்கான அவகாசத்தை அது வெட்டக் கூடாது. ஆயுள் அல்லது மரண தண்டனைக்குரிய வழக்குகளில் குறைந்தது 10 ஆண்டு அனுபவமுள்ள வழக்கறிஞர், தயாராவதற்குக் குறைந்தது ஏழு நாள் என்று கண்ட்வா வழக்கின் 2019 தீர்ப்பு வகுத்த நெறியை ஒவ்வொரு உயர் நீதிமன்றமும் தன் குற்றவியல் நடைமுறை விதிகளில் சேர்க்க வேண்டும்.

4. குற்றவாளியே செய்த மேல்முறையீட்டில் நீதிமன்றம் தண்டனையைக் கூட்ட முடியாது. அப்படியிருக்க, அந்த மேல்முறையீட்டால் வந்த மறுவிசாரணையிலும் முன்னதைவிடக் கூடுதல் தண்டனை விதிக்கக் கூடாது என்று சட்டத்தில் எழுத வேண்டும். இல்லாவிட்டால் மேல்முறையீடு செய்வதற்கே அஞ்ச வேண்டிவரும்.

5. நீதிமன்றத்தின் அல்லது அரசின் பிழையால் சிறையில் கழிந்த ஆண்டுகளுக்கு இழப்பீடு தரச் சட்டம் வேண்டும்.

6. 2018இல் உச்ச நீதிமன்றம் ஏற்ற சாட்சிப் பாதுகாப்புத் திட்டம் தாளோடு நின்றுவிடக் கூடாது. மாநில அரசுகள் அதற்கு நிதியும் ஆட்களும் ஒதுக்க வேண்டும்.

மறுவிசாரணைகளைக் குறைக்கும் வழி முதல் விசாரணையை ஒழுங்காக நடத்துவதுதான். வழக்கறிஞர் இல்லாத சாட்சி விசாரணையைத் தொடங்க மறுக்கும்படி அமர்வு நீதிபதிகளையும், வழக்குக் கட்டைப் படிக்க அவகாசம் இல்லாமல் வழக்கை ஏற்க மறுக்கும்படி சக வழக்கறிஞர்களையும், இந்தக் கோரிக்கைகளை விதியாகவும் சட்டமாகவும் ஆக்கும்படி உயர் நீதிமன்றங்களையும் நாடாளுமன்றத்தையும் கேட்டுக்கொள்கிறோம்.