வழக்கமாம், வழக்கம்!

பறையடிக்கிறவன் நான். கோடம்பாக்கம், வடபழனி ரெக்கார்டிங் தியேட்டர்களில் ரீ-ரெக்கார்டிங்குக்கு அடிச்சவன். வயலின்காரருக்கும் புல்லாங்குழல்காரருக்கும் நோட்ஸ் எழுதித் தருவாங்க. எங்களுக்கு, 'சாவு அடிப்பா', 'குத்து அடிப்பா'. அவ்வளவுதான் நோட்ஸ். எந்த அடி, என்ன வேகம், எங்கே ஏத்தணும், எங்கே நிறுத்தணும், எல்லாம் எங்க கை போட்ட கணக்கு. டைட்டிலில் மட்டும் 'இசை' என்று ஒரே ஒரு பேர்.

கலைக்கு ஏதுய்யா சாதி என்று கேட்கிற கனவான்களே, நாதஸ்வரம்னா கல்யாணம், வீணைன்னா பூஜையறை, பறைன்னா பொணம். சினிமாவில் இந்தப் பங்கீட்டைச் செய்தது யார்? மிருதங்கத்திலும் மாட்டுத்தோல்தானே இருக்கு. அது சபையேறும்போது தோலுக்குத் தீட்டில்லை. எங்க தோளில் தொங்கினால் தீட்டு.

நெருப்பில் காய்ஞ்சாத்தான் பறை பேசும். ஏ.சி. அறையில் தோல் தொய்ஞ்சிடும். வாசலுக்கு ஓடிக் காகிதம் கொளுத்திக் காய்ச்சிக்கிட்டு வருவோம். ஒருநாள் ஓரிடத்தில், அந்தத் தொல்லையும் இனி வேண்டாமென்று, சிண்டுக்குச்சி அடி தனியாக, அடிக்குச்சி அடி தனியாக, ஒவ்வொன்றாகப் பதிந்துகொண்டார்கள். 'சும்மா டெஸ்ட்டுப்பா' என்றார்கள். ஒரு கால்ஷீட் கூலி கொடுத்தார்கள். அதுக்குப் பேர் சாம்பிளாம். அப்புறம் என் அடியைக் கீபோர்டில் விரலால் தட்டிக்கொண்டார்கள். எங்களைக் கூப்பிடவில்லை. சாயங்கால சீரியலில் சாவு விழுந்தால் என் கை கேட்குது. என் வீட்டுக்கு ஒரு பைசா வரலை.

சட்டம் இருக்கே என்பீர்கள். இருக்கிறது. 2012-இல் பதிப்புரிமைச் சட்டத்தைத் திருத்தி, பாடல் எழுதியவருக்கும் இசையமைத்தவருக்கும் ராயல்டியில் பங்கை உறுதிசெய்தார்கள். நல்லது. நிகழ்த்துகிற கலைஞருக்கும் உரிமை என்றார்கள். கூடவே ஒரு வாலையும் ஒட்டினார்கள்: சினிமாவில் ஒருவர் செய்தது சில்லறைப் பங்காக இருந்து, தொழில் வழக்கப்படி டைட்டில் உட்பட எங்கேயும் அவர் பேர் போடப்படாவிட்டால், அவர் நிகழ்த்துகிறவரே இல்லை. தன் கலையைச் சிதைத்தால் தட்டிக் கேட்கலாம். பேரையோ பங்கையோ கேட்க முடியாது.

பேர் போடாதவன் அவன். போடாததால் உரிமை இல்லாதவன் நான். காரணம் கேட்டால் 'வழக்கம்'! இந்தச் சொல்லுக்கு நமக்கு யாரும் பொழிப்புரை எழுத வேண்டியதில்லை. சேரி ஊருக்கு வெளியே இருந்தது வழக்கம். டீக்கடையில் ரெட்டை டம்ளர் வழக்கம். செத்த மாட்டை நாம் தூக்கியதும் வழக்கம்.

வாத்தியக்காரரின் கூலிக்காக எம்.பி. சீனிவாசன் முன்னின்று சங்கம் கட்டினார். கூலி கேட்ட மாதிரி இனிப் பேரையும் கேட்கணும். வாசித்த ஒவ்வொருவர் பேரும் டைட்டிலில் வரணும். ஒலியைப் பதிந்து வைத்து மறுபடி மறுபடி எடுத்தாளுவதென்றால், எழுத்தில் ஒப்பந்தம் வேண்டும், ஒவ்வொரு தடவைக்கும் பங்கு வேண்டும். தரமாட்டேன் என்கிறவன் பறைச்சத்தத்தைத் தொடக்கூடாது. அவன் படத்துப் பொணம் சத்தமில்லாமல் போகட்டும்.