சிரிக்காதீங்க சார், சொல்லிக் கொடுங்க!

'பில்லை பாஸ் பாஸ் பண்ணிட்டாரா, பாஸ்?'

இந்த வாக்கியம் உங்களுக்குப் புரிந்ததா, இல்லையா? மேலதிகாரி ஒரு பாஸ், ஒப்புதல் ஒரு பாஸ், பக்கத்து சீட்காரரைக் கூப்பிடுவது ஒரு பாஸ். எந்த அகராதியையும் புரட்டாமல் தமிழ்நாட்டின் எந்த ஆபீஸிலும் இது ஓடும். அதே மாதிரி தொப்பி ஒரு கேப், இடைவெளி ஒரு கேப், வாடகைக் கார் ஒரு கேப். 'கேப்புல கிடா வெட்டிட்டான்' என்றால் யாரும் தொப்பிக்குள் ஆட்டைத் தேடுவதில்லை!

இவ்வளவு சாமர்த்தியமான காதுகளை வைத்துக்கொண்டு நாம் செய்யும் ஒரு காரியம்தான் எனக்குப் பொறுக்கவில்லை.

எங்கள் தெருவில் இஸ்திரி போடுகிறவரின் மகன், அந்தக் குடும்பத்தின் முதல் பட்டதாரி. சில வருஷங்களுக்கு முன் ஒரு கம்பெனியில் குரூப் டிஸ்கஷனுக்குப் போனான். பள்ளிப் பிள்ளைகளின் சத்துணவு பற்றிப் பேச்சு. 'மதியச் சாப்பாடு மட்டும் போதாது, சாயங்காலமும் ஏதாவது கொடுக்கணும்' என்பது அவன் யோசனை. நல்ல யோசனைதான். ஆனால், 'ஸ்நாக்ஸ்' என்பதற்கு பதில் 'ஸ்நேக்ஸ்' என்று சொல்லிவிட்டான். பிள்ளைகளுக்குச் சாயங்காலம் பாம்பு! எதிரே இருந்தவர்கள் சிரித்தார்கள். நடத்தியவரும் சேர்ந்து சிரித்தார். 'அதுக்கப்புறம் தெரிஞ்சதைக்கூடப் பேசலை சார்' என்றான் என்னிடம்.

அவன் செய்தது என்ன தப்பு? 'ஸ்நாக்ஸ்' என்ற வார்த்தைக்கு நடுவில் வரும் அந்த ஆங்கில உயிரொலி நம் 'ஏ'வும் இல்லை, 'ஆ'வும் இல்லை. இரண்டுக்கும் நடுவில் எங்கேயோ நிற்கிறது. அதனால்தான் நம்மூர் போர்டுகளில் பாதி 'பேங்க்', பாதி 'பாங்க்'. பேங்க், பேக், கேப் என்று எல்லாவற்றுக்கும் ஏகாரம் போட்டுப் பழகிய பையன், இதற்கும் போட்டான். விதிப்படி நடந்தவனைப் பார்த்து, விதி தெரியாதவர்கள் சிரித்தார்கள்.

ஆங்கிலத்தில் மட்டும் என்ன வாழ்கிறதாம்? 'ரைட்' என்று ஒரு சத்தம். சரி, வலது, உரிமை, எழுது, சடங்கு, எல்லாம் அதற்குள் அடக்கம். இடம் பார்த்துப் புரிந்துகொள்கிறான் வெள்ளைக்காரன். அவனுக்கு வந்தால் இலக்கணம், நம் பையனுக்கு வந்தால் காமெடியா?

'அப்போ உச்சரிப்பே முக்கியமில்லையா?' என்று கேட்பீர்கள். முக்கியம் சார், ரொம்ப முக்கியம். சேப்பாக்கத்தில் கிரிக்கெட் நடப்பது பிட்ச். பக்கத்திலேயே காற்று வாங்கப் போவது பீச். இந்த இரண்டுக்கும் நடுவில் ஒரு மூன்றாவது வார்த்தை ஒளிந்திருக்கிறது. பீச்சைக் குறுக்கிச் சொன்னாலும் அதுதான், பிட்ச்சின் முதல் எழுத்தைக் கொஞ்சம் அமுக்கிச் சொன்னாலும் அதுதான். அகராதியில் பெண் நாய், தெருவில் அசிங்கமான வசவு! படுக்கையில் விரிக்கிற 'ஷீட்'டைக் குறுக்கினால் மலம். தட்டில் வைக்கிற 'பீஸ்' குறுகினால் சிறுநீர்.

இந்தச் சங்கடம் நமக்கு மட்டும் இல்லை. 'ஷிப் ஆர் ஷீப்?' என்ற தலைப்பிலேயே ஆன் பேக்கர் 1977-ல் ஒரு உச்சரிப்புப் புத்தகம் எழுதினார். ஸ்பானிஷ்காரருக்கும் இத்தாலிக்காரருக்கும் கப்பலும் ஆடும் இன்றைக்கும் தலைவலி. நமக்கோ பாதி வேலை ஒண்ணாம் வகுப்பிலேயே முடிந்துவிட்டது. குறிலுக்கு ஒரு மாத்திரை, நெடிலுக்கு இரண்டு. ஆங்கிலத்தில் நீளத்தோடு ஒலியும் கொஞ்சம் மாறும் என்றாலும், தொடங்குவதற்கு இது போதும். 'பல்'லில் வருகிற 'ப' வேறு, 'கம்பு'வில் வருகிற 'ப' வேறு என்று காட்டினால் பிட்ச் விவகாரமும் தீர்ந்தது. பத்து நிமிஷப் பாடம்!

ஏன் நடத்துவதில்லை? கூச்சம். ஆபாச அர்த்தம் உள்ள வார்த்தை வந்தால் வாத்தியார் பக்கத்தைத் திருப்பிவிடுகிறார். 1928-ல் முழுமையடைந்த ஆக்ஸ்ஃபோர்டு பேரகராதிக்கும் இதே கூச்சம் இருந்தது. ஊரெல்லாம் புழங்கிய நான்கெழுத்து வார்த்தைகள் இரண்டை விட்டுவிட்டார்கள். 1972-ல் வந்த துணைத் தொகுதியில்தான் சேர்த்தார்கள். அகராதியே வெட்கத்தை விட்டு ஐம்பது வருஷம் தாண்டிவிட்டது. நம் வகுப்பறைதான் இன்னும் தலையைக் குனிந்துகொண்டிருக்கிறது.

அகராதியில் முதல் அர்த்தத்தை மட்டும் படித்துவிட்டு விமானம் ஏறுகிறவன் கதி என்ன? இங்கே பென்சிலை அழிப்பது ரப்பர். இங்கிலாந்திலும் அதேதான். அமெரிக்காவில் போய் 'ஒரு ரப்பர் இருக்கா?' என்று சக ஊழியரிடம் கேட்டால், அது ஆணுறை! சரி, பேன்ட்? நமக்கும் அமெரிக்கனுக்கும் அது கால்சட்டை. லண்டனில் 'உங்க பேன்ட் நல்லா இருக்கே' என்றால் உள்ளாடையைப் பாராட்டியதாக அர்த்தம். இதையெல்லாம் அவமானப்பட்டுத்தான் தெரிந்துகொள்ள வேண்டுமா? கெட்ட வார்த்தையைச் சொல்லிக் கொடுப்பது வேறு, கெட்ட வார்த்தை எங்கே இருக்கிறது என்று சொல்லிக் கொடுப்பது வேறு. பள்ளம் இருக்கிற இடத்தில் சிவப்புத் துணி கட்டுவதில்லையா?

ஆகவே ஆசிரியர்களே, போர்டில் இந்த ஜோடிகளை எழுதுங்கள். அகராதி அர்த்தம், தெரு அர்த்தம் இரண்டையும் எழுதுங்கள். பிள்ளைகள் சிரிப்பார்கள், சிரிக்கட்டும். வகுப்பில் எல்லோரும் சேர்ந்து சிரித்துவிட்டால், நாளைக்கு வெளியே ஒருத்தன் மட்டும் கூனிக் குறுக வேண்டியிருக்காது. இன்டர்வியூ நடத்தும் கனவான்களே, அடுத்த தடவை சிரிப்பு வந்தால், அந்தப் பையன் சொல்ல வந்த விஷயம் என்ன என்று ஒரு நிமிஷம் யோசியுங்கள். உங்களுக்குத் தமிழில் 'ழ' வருகிறதா என்றும் அப்படியே ஒரு தடவை சோதித்துக்கொள்ளுங்கள்.

அந்தப் பையன் இப்போது வேறொரு கம்பெனியில் வேலை பார்க்கிறான். ஆங்கிலம் சரளமாகவே பேசுகிறான். ஆனால், சாயங்காலம் கேன்டீனுக்குப் போகும்போது மட்டும் 'டிபன்' என்றுதான் சொல்கிறானாம். அந்த இன்னொரு வார்த்தை இன்னும் வாயில் வரவில்லை.