விளக்கை அணைத்துப் பரிசு வாங்கியவர்

சினிமாப் படம் பிடிக்கும் இடத்தில் எத்தனை விளக்குகள்! கண் கூசும். வெளிச்சம் கூடக் கூடப் படம் அழகாக இருக்கும் என்பது பழைய நம்பிக்கை.

அந்த விளக்குகளை அணைக்கச் சொன்னார் ஒருவர். அவர்தான் நெஸ்டர் அல்மெண்ட்ரோஸ்.

ஸ்பெயின் நாட்டில் பார்சலோனா நகரில் 1930-ம் ஆண்டு பிறந்தவர். உள்நாட்டுப் போரில் பிராங்கோ வென்றார். எதிர்த் தரப்பில் இருந்த அல்மெண்ட்ரோசின் தகப்பனார் கியூபாவுக்குத் தப்பிப் போனார். மகன் 1948-ல் அங்கே போய்ச் சேர்ந்தார்.

கியூபாவில் அவர் எடுத்த சிறு படத்துக்குத் தடை வந்தது. பாரிசுக்குப் போனார். அங்கே ஒரு நாள் எரிக் ரோமர் என்ற டைரக்டரின் படப்பிடிப்பை வேடிக்கை பார்த்துக்கொண்டு நின்றார். கேமராக்காரர் கோபித்துக்கொண்டு போய்விட்டார். "நான் எடுக்கிறேன்" என்று இவர் முன்வந்தார். வாய்ப்பு கிடைத்தது!

கோதுமை வயலில்

1976-ல் கனடாவின் கோதுமை வயல்களில் ஓர் அமெரிக்கப் படம் தயாரானது. பெயர் "டேஸ் ஆஃப் ஹெவன்". டைரக்டர் டெரன்ஸ் மாலிக்.

சூரியன் மறைந்த பிறகும் வானத்தில் கொஞ்ச நேரம் வெளிச்சம் இருக்கும் அல்லவா? ஏறக்குறைய இருபது நிமிடம். முக்கியமான பல காட்சிகளை அந்த நேரத்தில்தான் எடுத்தார்கள். பகலெல்லாம் ஒத்திகை. பிறகு ஒரே ஓட்டம்! பெரிய விளக்குகளுக்குப் பழகிய தொழிலாளர்கள் முணுமுணுத்தார்கள்.

வேலை முடியவில்லை. அல்மெண்ட்ரோஸ் முன்பே ஒப்புக்கொண்ட பிரெஞ்சுப் படத்துக்குப் போக வேண்டியதாயிற்று. மீதியை ஹாஸ்கல் வெக்ஸ்லர் எடுத்து முடித்தார். அவர் சாதாரண ஆள் அல்ல. இரண்டு முறை ஆஸ்கார் வாங்கியவர்.

1979-ல் இந்தப் படத்தின் ஒளிப்பதிவுக்கு ஆஸ்கார் பரிசு கிடைத்தது. பரிசு அல்மெண்ட்ரோசுக்கு மட்டும். வெக்ஸ்லர் பெயர் படத்தில் "கூடுதல் ஒளிப்பதிவு" என்று வந்தது. அவருக்கு மனத்தாங்கல். தியேட்டரில் கடிகாரம் வைத்துப் பார்த்ததாகவும், பாதிக்கு மேல் தாம் எடுத்தது என்றும் சொன்னார்.

குழம்பைக் கூட்டியவர் ஒருவர். கொதிக்கவிட்டு இறக்கியவர் இன்னொருவர். ருசி யாருடையது?

கூட்டியவருடையதுதான். கடிகாரத்தால் கலையை அளக்க முடியாது. விளக்கில்லாமல் எடுப்பது என்று துணிந்தவர் அல்மெண்ட்ரோஸ். படம் கெட்டிருந்தால் பழி முழுவதும் அவர் தலையில்தான் விழுந்திருக்கும். அவருக்குப் பரிசு கொடுத்தது சரி.

ஆனால் வெக்ஸ்லரின் குறையைப் பொறாமை என்று தள்ளிவிடக் கூடாது. புகழ் பெற்றவர் ஒருவர், தமது பாணியை ஒதுக்கி வைத்துவிட்டு, எது யார் எடுத்தது என்று தெரியாதபடி இன்னொருவரின் பாணியில் எடுத்துக் கொடுத்தார். அது எத்தனை பேரால் முடியும்? இரண்டு பெயர்களையும் சேர்த்துப் போட்டிருந்தால் யாருக்கு என்ன நஷ்டம்?

அல்மெண்ட்ரோஸ் 1992-ல் நியூயார்க்கில் காலமானார். வெக்ஸ்லர் 2015 வரை இருந்தார்.