டேப்லெட்டோடு வந்த கேம்ஸ்... வெளியேற்றுவது எப்படி?

புது டேப்லெட்டை ஆன் செய்ததுமே, யாரும் டவுன்லோடு செய்யாத நாலைந்து கேம்கள் திரையில் உட்கார்ந்திருக்கும். பாடம் படிக்க வாங்கிக் கொடுத்தாலும், பிள்ளைகளின் விரல் முதலில் போவது அங்கேதான்.

ஆண்ட்ராய்டு டேப்லெட் என்றால் செட்டிங்ஸில் 'ஆப்ஸ்' பகுதிக்குச் சென்று, கேமின் பெயரைத் தொடுங்கள். 'அன்இன்ஸ்டால்' இருந்தால் அழுத்துங்கள். கேமும் போகும், இடமும் மிச்சம்.

சில கேம்களுக்கு 'டிஸேபிள்' மட்டுமே இருக்கும். அவை சிஸ்டத்தோடு சேர்த்துப் பதியப்பட்டவை. டிஸேபிள் செய்தால் திரையிலிருந்து மறையும். நோட்டிஃபிகேஷன் தொல்லையும் இருக்காது. ஆனால், பிடித்திருந்த இடம் முழுதாகத் திரும்பக் கிடைக்காது.

கவனிக்க: ஹோம் ஸ்கிரீனில் ஐகானை மட்டும் நீக்கினால் கேம் உள்ளேயேதான் இருக்கும். ஃபேக்டரி ரீசெட் செய்தால் நீக்கியவை திரும்ப வரலாம். என்னவென்று தெரியாத ஆப்களில் கை வைக்காதீர்கள்.

முக்கியமாக, எதை வாங்கினாலும் பாஸ்வேர்டு கேட்கும்படி ப்ளே ஸ்டோர் செட்டிங்ஸில் மாற்றிவிடுங்கள். கேமுக்குள் விற்கும் 'காயின்'களைக் குழந்தை தெரியாமல் தொட்டாலும், அப்பாவின் கார்டிலிருந்து பணம் சட்டென்று போய்விடாது!